பெட்டிக்குள் இருக்கிறவள்

அத்தை என்றுதான் தெரு அவளைக் கூப்பிட்டது. அண்ணன் பிள்ளை, தம்பி பிள்ளை என்று அவளுக்கு அந்தத் தெருவில் யாரும் இல்லை. ஏழு மணிக்கு ஓடுகிற தொடரில் அவள் அத்தை. அதனால் காய்கறி வண்டிக்காரிக்கும் அத்தை, இஸ்திரி போடுகிறவருக்கும் அத்தை, அவளைவிட மூத்த பால்காரருக்கும் அத்தை. நான் மட்டும் அக்கா என்பேன். அதே தொடருக்கு லைட் தூக்குகிறவன் நான். பக்கத்துப் போர்ஷனில்தான் குடியிருந்தேன். நடுவில் ஒரு சுவர், அதுவும் பேருக்குத்தான். அந்தப் பக்கம் குக்கர் விசிலடித்தால் இந்தப் பக்கம் என் மனைவி அடுப்பை அணைக்க ஓடுவாள்.

அக்காவின் வீட்டுக்காரர் பஸ் டிரைவராக இருந்தவர். சர்க்கரை முதலில் அவர் கால் விரல் ஒன்றைக் கேட்டு வாங்கிக்கொண்டது. அப்புறம் கண்ணுக்கு வந்தது. ஒரு கண் மங்கி, மற்றதும் மங்கி, போன கோடையோடு இரண்டும் அணைந்துவிட்டன. வெளிச்சம் எந்தப் பக்கம் என்று மட்டும் தெரியும். ஒரே மகன் வெளியூரில் வேலை பார்க்கிறான். பகல் பூராவும் டிரைவர் ஜன்னலோரம் உட்கார்ந்து, தெருவில் போகிற வண்டிச் சத்தத்தை வைத்தே எது கிளட்ச் தேய்ந்தது, எது ஆயில் மாற்றாதது என்று கண்டுபிடித்துத் திட்டிக்கொண்டிருப்பார். அவருக்குப் பொழுது விடிவது ஏழு மணிக்குத்தான்.

அவளை நடிப்புத் தொழிலில் இறக்கிவிட்டவரே அவர்தான். கல்யாணமான புதிதில் ஒரு வேன் ஓட்டினார். கூட்டத்தில் நிற்கிற ஆட்களை ஏற்றிப் போய் ஷூட்டிங்கில் இறக்குகிற வேன். ஒருநாள் ஆள் குறைந்துபோய் ஏஜென்ட் தலையில் கை வைத்துக்கொண்டு நின்றார். இவர் வண்டியைத் திருப்பி வீட்டுக்கு வந்து, வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தவளை அப்படியே ஏற்றிக்கொண்டு போய்விட்டார். அன்றைக்குக் கல்யாண வீட்டுக் காட்சி. "எல்லாரும் சிரிச்சிட்டு நிக்கறாங்க, எனக்கு மட்டும் கண்ணுல தண்ணி நிக்கல" என்று அக்கா சொல்லிச் சிரிப்பாள். அந்தக் கண்ணீரைக் கேமராக்காரர் பார்த்துவிட்டு, அவளைக் கொண்டுபோய்ப் பெண்ணின் அம்மாவுக்குப் பக்கத்தில் நிறுத்தினார். அதற்கப்புறம் தட்டு ஏந்துகிறவள், பக்கத்து வீட்டுக்காரி, நர்ஸ், பெண் பார்க்க வந்த கூட்டத்தில் ஒருத்தி என்று வருடங்கள் போயின. கடைசியாக இந்த அத்தை. கொத்துச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு கதவோரம் நிற்கிறவள். இந்தத் தொடரில் கதாநாயகி இரண்டு தடவை மாறிவிட்டாள். அத்தை மாறவில்லை.

ஆனால் இத்தனை வருடத்தில் அக்காவின் குரல் ஒரு தடவைகூட டிவியில் வந்ததில்லை. கட்டைக் குரல் அவளுக்கு, மண்ணில் தகரத்தை இழுக்கிற மாதிரி. முதன்முதலில் வசனம் கிடைத்தபோது, ஹெட்போன் மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தவர், "முகம் அம்மா, குரல் மாமனாரா" என்று கேட்டுவிட்டார். அன்றிலிருந்து அவளுக்கு இன்னொருத்தி பேசினாள். எல்லாரும் அவளைக் குரலம்மா என்பார்கள். தேன் மாதிரி குரல். ஷூட்டிங்கில் எங்கள் பக்கம் ஜெனரேட்டர் ஓடும், ஆசாரி ஆணி அடித்துக்கொண்டிருப்பார், கேமராவுக்குப் பின்னாலிருந்து உதவி டைரக்டர் வசனத்தை உரக்கப் படிப்பார், அதைக் கேட்டு நடிகர்கள் திருப்பிச் சொல்வார்கள். சத்தம் எதுவும் படத்துக்குப் போகாது, அதனால் யாரும் கவலைப்படுவதில்லை. அக்கா பேசுகிற பேச்சு லைட் பிடிக்கிற எங்களோடு முடிந்துவிடும்.

தெருவில் இது ஒரு தொல்லை. காய்கறிக்காரி ஒருநாள் கேட்டேவிட்டாள்.

"டிவில உங்க குரல் அவ்ளோ இனிமையா இருக்கே அத்தை. நேர்ல ஏன் எப்பப் பாத்தாலும் ஜலதோஷம்?"

"வெயில்ல அலையற தொழில்டி. நீ கத்திரிக்காய எடு."

கண் இருந்தவரை டிரைவருக்கு இந்தக் குரல் ஒரு பொருட்டாகவே இல்லை. டூட்டியில் இருந்தாலும் டிப்போ ஓய்வறையில் உட்கார்ந்து பார்த்துவிடுவார். "பின்னால நிக்கிறா பாரு, அதுதான் என் சம்சாரம்" என்று பக்கத்தில் இருக்கிறவரைக் குத்துவார். கண் போன பிறகுதான் குரல் வந்து குறுக்கே நின்றது.

லைட் இறக்கிவிட்டுச் சீக்கிரம் வந்த நாட்களில் நான் அவரோடு போய் உட்காருவேன். அக்கா அடுப்படியில் இருப்பாள். முன்பே எடுத்து முடித்ததுதானே இன்றைக்கு ஓடும்.

"வா மாப்ள. இப்ப அழறது யாரு?"

"ஹீரோயின் மாமா."

"அது தெரியுது. உங்கக்கா இருக்காளா?"

"கதவோரம் நிக்கறாங்க."

"சும்மா நிக்கறாளா, ஏதாச்சும் பண்றாளா?"

"முந்தானையத் திருகிட்டு நிக்கறாங்க."

"எந்தப் புடவை?"

"பச்சைப் பட்டு. மெரூன் பார்டர்."

அவர் முகம் மலரும். "அதுல அவ நல்லாருப்பா. வீட்ல என்னிக்காவது அப்படி ஒண்ணு கட்டியிருக்காளா?" என்பார். அப்புறம் அத்தை பேச ஆரம்பிப்பாள். தேன் குரல். டிரைவர் தலையைச் சாய்த்துக் கேட்பார். மலர்ந்த முகம் கொஞ்சம் கொஞ்சமாகச் சுருங்கும்.

"யாரோ பேசறா மாப்ள. இவ எங்க போனா?"

இதில் இன்னொரு கூத்து. குரலம்மா ஒருத்திக்கு மட்டும் பேசுகிறவள் இல்லை. எட்டு மணித் தொடரில் டாக்டரம்மாவுக்கும் அவள்தான், மத்தியானம் ஓடுகிற ஒன்றில் வில்லனின் அம்மாவுக்கும் அவள்தான். ஒருநாள் அக்கா தட்டில் சோறு போட்டுக்கொண்டு வர, அவர் திகைத்துப்போய்க் கேட்டார்.

"ஏம்மா, நீ எப்போ டாக்டரான?"

"என்னது?"

"இப்பத்தான் ஒருத்தனுக்குக் கிட்னி போயிடுச்சுன்னு சொன்ன."

அக்கா சிரித்தாள். நானும் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. தட்டைத் தடவி வாங்கி மடியில் வைத்துக்கொண்டு, "எல்லாப் பெட்டியிலயும் ஒரே பொம்பள பேசிட்டிருக்கா. அதுல உன்னை எங்கன்னு போய்த் தேடறது" என்றார். குழம்பு ஊற்றப் போன அக்காவின் கரண்டி பாதியில் நின்றது.

கொஞ்சநாளில் ஏழு மணிக்கு அவர் டிவி போடச் சொல்வதை விட்டுவிட்டார். "தலை வலிக்குது" என்பார். ஏழு மணிக்கு அந்த வீட்டில் சத்தம் இல்லாமல் இருந்தது எங்கள் சுவருக்குக்கூட ஒரு மாதிரி இருந்தது. அக்கா வேலை முடிந்து வந்து, புடவை மாற்றாமல், விளக்கு போடாமல் அவர் எதிரில் உட்கார்ந்திருப்பாள்.

வேனில் போகும்போது ஒருநாள் என்னிடம் சொன்னாள்.

"ஒரே ஒரு சீன் என் குரல்ல வந்தா போதும்ப்பா. அவருக்கு நான் அதுல இருக்கேன்னு தெரிஞ்சா போதும்."

"கேட்டுப் பாருங்கக்கா. இத்தனை வருஷம் என்ன கேட்டீங்க அவங்கள?"

"கேட்டா, கதவோரம் நிக்கறதுக்கும் வேற ஆளப் போட்டுட்டா?"

அது நியாயமான பயம்தான். துணைப் பாத்திரம் என்றால் அவ்வளவுதான். வாயைத் திறந்து எதையாவது கேட்டவளைக் கதை திடீரென்று வெளிநாட்டுக்கு அனுப்பிவிடும். அப்படி ஒரு சித்தப்பாவும் ஒரு நாத்தனாரும் விமானம் ஏறியதை நாங்கள் பார்த்திருக்கிறோம்.

மழை நேரம். செட்டுக்கு மேலே தகரக் கூரை. அடித்த மழையில் ஜெனரேட்டர் நனைந்து நின்றுவிட, வேலை ஓடவில்லை. ஸ்டாண்டுகளை எல்லாம் நகர்த்தி, ஒழுகாத மூலையில் சாய்த்துவிட்டு நாங்கள் டீ குடித்துக்கொண்டிருந்தோம். டைரக்டர் போனை வைத்துவிட்டு அலுத்துக்கொண்டார்.

"குரலம்மா அவங்க பொண்ணு பிரசவத்துக்கு ஊருக்குப் போறாங்களாம். வர ரெண்டு மாசம் ஆகும்ங்கறாங்க. இப்ப அதே மாதிரி குரலுக்கு நான் எங்க போறது?"

அக்கா டீ கிளாஸைக் கீழே வைத்தாள்.

"தம்பி, நான் பேசட்டுமா?"

"எதைக்கா?"

"அத்தைய."

"அத்தைய நீங்க எப்படிக்கா பேசறது?" என்று அவர் நிஜமாகவே கேட்டார். கேட்ட பிறகுதான் தான் என்ன கேட்டோம் என்று அவருக்கே உறைத்தது. தலையைச் சொறிந்துகொண்டார். "அதுக்கில்லக்கா. ஜனங்க காதுல ஒரு குரல் ஏறிடுச்சு. திடீர்னு உங்க குரல் வந்தா, அத்தைக்கு யாரோ டப்பிங் பேசறாங்கன்னு போன் பண்ணுவாங்க."

"வீட்ல அவருக்குக் கண்ணு போச்சு தம்பி. நான் அதுல இருக்கேனா இல்லையான்னு தெரியாம உக்காந்திருக்காரு. இப்ப டிவியே வேணாங்கறாரு."

கூரைமேல் மழை கொட்டிக்கொண்டிருந்தது. டைரக்டர் கூரையை அண்ணாந்து பார்த்தார். மூலையில் பிஸ்கட் தின்றுகொண்டிருந்த வசனம் எழுதுகிறவர்தான் வாயைத் திறந்தார்.

"விஷம் குடுத்துடலாமா?"

"யாருக்கு?"

"அத்தைக்கு. சாக மாட்டாங்க. தொண்டை மட்டும் வெந்து போயிடும். ஹீரோயினுக்கு வச்ச பால இவங்க எடுத்துக் குடிச்சிடறாங்க."

"ஹீரோயின் பால அத்தை ஏன்யா குடிக்கணும்?"

"ஆறிப்போச்சு. வீணாப் போக வேணாம்னு."

டைரக்டர் அக்காவைப் பார்த்தார். அக்கா யோசித்துவிட்டுச் சொன்னாள்: "அது சரிதான் தம்பி. அவ அப்படிச் செய்யக்கூடியவதான்."

ஊருக்குப் போவதற்கு முன் குரலம்மா செட்டுக்கு வந்தாள். ஒல்லியாக, கணக்கு டீச்சர் மாதிரி இருந்தாள். இத்தனை வருடத்தில் அவர்கள் இரண்டு பேரும் நேரில் பார்த்துக்கொண்டது மிகக் குறைவு. அக்காவின் தாடையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தாள்.

"உங்க வீட்டுக்காரரவிட உங்க வாய அதிகமாப் பாத்தவ நான். ஒண்ணு சொல்றேன் கேளுங்க. வசனம் முடிஞ்சப்புறமும் உங்க உதடு சும்மா இருக்காது, என்னமோ முணுமுணுக்கும். அத நிரப்ப நான் படற பாடு எனக்குத்தான் தெரியும். அப்படி என்னதான் முணுமுணுப்பீங்க?"

"கால் வலிக்குதுன்னு சொல்லியிருப்பேன்."

"நான் அதுக்கெல்லாம் 'கடவுளே, கடவுளே'ன்னு பேசி வச்சிருக்கேன்."

இரண்டு பேரும் ஒருவர் தோளை ஒருவர் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். போகும்போது குரலம்மா, "பயப்படாதீங்க. தண்ணி நிறைய குடிங்க" என்றாள். நல்ல மனுஷி.

டப்பிங் அன்றைக்கு எனக்கு ஷூட்டிங் இல்லை. தனியாகப் போக உதறலாக இருக்கிறது என்று அக்கா என்னையும் கூட்டிக்கொண்டு போனாள். சின்ன அறை, சுவர் பூராவும் பஞ்சு வைத்துத் தைத்திருந்தது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சவுண்ட் இன்ஜினியர். எதிரே திரையில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் அத்தை படுத்திருந்தாள். அந்தக் காட்சிக்கு லைட் பிடித்தவன் நான்தான். முகத்தில் வெளிச்சத்தைக் குறைத்து, நோயாளி மாதிரி காட்டியிருந்தோம்.

திரையில் உதடு அசைந்தது. அக்கா பேசினாள்: "நான் சாகலப்பா. சாகறதுக்கு எனக்கு நேரம் எங்க இருக்கு. வீட்டுச் சாவி யார்கிட்ட இருக்கு?"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. வந்தது குரலம்மாவின் பேச்சு. தேன் இல்லை, ஆனால் அதே இழுப்பு, அதே குழைவு. வருடக்கணக்கில் தன்னைத் தானே டிவியில் கேட்டுக் கேட்டு, அத்தை என்றால் இப்படித்தான் பேசுவாள் என்று அவளுக்குள்ளேயே படிந்துபோயிருக்கிறது.

"அக்கா, அந்தம்மா மாதிரி பேசாதீங்க" என்று மைக்கில் இன்ஜினியர் சொன்னார். "உங்களுக்குத் தொண்டை வெந்திருக்கு."

மறுபடியும் பேசினாள். மறுபடியும் அதேதான். வேர்த்துவிட்டது அவளுக்கு. ஏசி ஓடுகிற அறையில் முந்தானையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டாள். பலமுறை போனது. வெளியே அடுத்த தொடரின் ஆட்கள் வந்து காத்திருந்தார்கள். அக்கா ஹெட்போனைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டு என் பக்கம் திரும்பி, "என்னால ஆகாதுப்பா. வா, வீட்டுக்குப் போலாம். அவருக்கு மாத்திரை குடுக்கற நேரம்" என்றாள்.

"அக்கா. இந்தக் குரல்தான்" என்றது மைக். "இப்படியே உக்காந்து சொல்லுங்க. ஹெட்போன் வேணாம்."

அக்கா திரையைப் பார்த்தாள். கட்டிலில் படுத்திருந்த அத்தையைத் திட்டுகிற மாதிரி, தகரத்தை இழுத்தாள்.

ஒளிபரப்பான அன்றைக்கு நாங்கள் எல்லாரும் அவர்கள் வீட்டில்தான் இருந்தோம். டிரைவருக்கு ஒன்றும் சொல்லி வைக்கவில்லை. "இன்னிக்கு ஒரு நாள் போடறேன், கேளுங்க" என்று மட்டும் அக்கா சொன்னாள். சட்டை மாற்றி, தலை சீவிவிட்டு உட்கார வைத்திருந்தாள். தான் அடுப்படி வாசலில் நின்றுகொண்டாள். முந்தானை விரலில் சுற்றிக்கொண்டிருந்தது.

ஆஸ்பத்திரிக் காட்சி வந்தது. "நான் சாகலப்பா."

டிரைவர் நிமிர்ந்தார். கையை முன்னால் நீட்டி, அப்படியே காற்றில் வைத்திருந்தார். "சாகறதுக்கு எனக்கு நேரம் எங்க இருக்கு" என்றபோது அவர் சிரித்தார். சாவி யாரிடம் இருக்கிறது என்று அவள் கேட்டதும், கேட்டவளுக்குப் பதில் சொல்கிற மாதிரி அவர் வாய் அசைந்தது. என் மனைவி அழுதேவிட்டாள். அக்கா வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்து, நீட்டிய கையைப் பிடித்துக்கொண்டாள்.

"கேட்டீங்களா?"

"கேட்டேன். நீதான். சுத்தமா நீதான்."

மறுநாள் டைரக்டர் போனில் கூப்பிட்டார். ஜனங்களுக்கு அத்தையின் புதுக் குரல் பிடித்துவிட்டதாம், பாவம், வீட்டுக்காக விஷம் குடித்தவள் என்று அழுகிறார்களாம். குரலம்மா திரும்பி வந்தாலும் இனிமேல் நீங்களே பேசுங்கள் என்றார். அக்கா குரலம்மாவுக்குப் போன் போட்டுத் தயங்கித் தயங்கிச் சொன்னாள். அந்தம்மா முழுசாகக் கேட்டுக்கொண்டாளாம். பிறகு, "வளத்த பொண்ண உங்க கையில குடுத்த மாதிரி இருக்கு. நல்லாப் பாத்துக்குங்க" என்றாளாம்.

எல்லாம் நல்லபடியாக முடிந்தது என்றுதான் நான் நினைத்தேன். ஆனால் டிரைவர் நாளுக்கு நாள் அமைதியாகிக்கொண்டு வந்தார். ஏழு மணிக்கு உட்காருவார், கேட்பார். முடிந்ததும் எழுந்து சுவரைப் பிடித்துக்கொண்டு போய்ப் படுத்துவிடுவார். என்னிடம் புடவை என்ன என்று கேட்பதையும் விட்டுவிட்டார்.

ஒரு சாயங்காலம் நான் தூண்டினேன். "என்ன மாமா, அக்கா குரல் வந்தும் ஒரு களையும் இல்லையே."

"ஒண்ணுமில்ல மாப்ள."

"சொல்லுங்க."

அக்கா உள்ளே துணி மடித்துக்கொண்டிருந்தாள். அவர் குரலைத் தாழ்த்தினார். ஆனால் அந்த வீட்டில் தாழ்த்தி என்ன பிரயோஜனம்.

"குரல் மேல பழி போட்டேன்ப்பா. போனது கண்ணுதான். அது எனக்கு இப்பத்தான் தெரியுது." உள்பக்கம் முகத்தைத் திருப்பினார். "இவ பேசினா எனக்கு இவதான் தெரியறா. நைட்டியும் தலைமுடிய முடிஞ்ச கொண்டையுமா, கேஸ் தீர்ந்து போச்சுன்னு கத்தறவ. நல்லாத்தான் இருக்கு. ஆனா அவ வரல. பட்டுப்புடவை கட்டிக்கிட்டு அங்க ஒருத்தி நிப்பா பாரு, சாவியச் செருகிக்கிட்டு. அவள நான் டிப்போல உக்காந்து வாயப் பொளந்துக்கிட்டுப் பாப்பேன். வீட்டுக்கு வந்து இவகிட்ட அதச் சொன்னதுகூட இல்ல. முன்னாடி வேற எவளோ பேசினா. அவள எங்கேன்னு தேடிக்கிட்டாவது இருந்தேன். இப்ப அங்கயும் வீட்டுக்காரிதான் உக்காந்திருக்கா. தேடறதுக்குக்கூட ஆள் இல்ல மாப்ள."

உள்ளே துணி மடிக்கிற சத்தம் நின்றுபோயிருந்தது. அக்கா வாசலில் வந்து நின்றாள். அவருக்கு அவள் வந்தது தெரிந்துவிட்டது.

"அந்தம்மாவையே பேசச் சொல்லேன்" என்றார், யாரிடம் என்று இல்லாமல்.

"மாட்டேன்."

"இல்லம்மா, நான் என்ன சொல்ல வரேன்னா..."

"நீங்க சொன்னத எல்லாம் கேட்டேன்." கோபமாகப் பேசவில்லை. அதுதான் எனக்குக் கஷ்டமாக இருந்தது. "உங்களுக்காகத்தான் போனேன். அந்த ரூம்ல என் வாய்லயே என் குரல் வர மாட்டேனுச்சு. பிடிச்சு இழுத்துக் கொண்டாந்தேன். இப்ப அது வந்துடுச்சுங்க. இனிமே உள்ள போகாது. வெளிய நாலு பேரு என் குரலக் கேட்டுட்டு என்னைத் திரும்பிப் பாக்கறாங்க. அந்தக் கத்திரிக்காய்க்காரி இப்பல்லாம் ஜலதோஷமான்னு கேக்கறதில்ல."

அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

"எனக்கும் அவளப் பிடிக்கும்" என்றாள் அக்கா. "பட்டுப்புடவைக்காரிய. நானும் அவளப் பாத்துக்கிட்டுத்தான் இருந்தேன். நான்னு நெனச்சா பாத்தேன்? யாரோ நல்லா இருக்கற ஒருத்தின்னுதான் பாத்தேன். ரெண்டு பேரும் அவளத்தான் பாத்துக்கிட்டு இருந்திருக்கோம். பழகிக்குங்க. நானும் பழகிக்கறேன்."

நான் எழுந்து வந்துவிட்டேன்.

நாலைந்து நாள் அவர்கள் அளவாகத்தான் பேசிக்கொண்டார்கள். மாத்திரை, தண்ணீர், சோறு. மழை விட்டு வெயில் வந்தது. ஒரு சாயங்காலம், அவர்களுக்கு வாங்கின ரொட்டியைக் கொடுக்க நான் போனபோது டிவி ஓடிக்கொண்டிருந்தது. டிரைவர் நாற்காலியில். அக்கா அவர் காலடியில், தரையில், முதுகை நாற்காலியில் சாய்த்துக் காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். அன்றைக்குச் செட்டில் முழுநாளும் நின்றிருந்தாள். பாதம் வீங்கியிருந்தது.

"என்ன புடவை?" என்று அவர் கேட்டார்.

"கத்திரிப்பூ கலரு" என்றாள். "பட்டு. பார்டர் சன்னமா, பொன் நிறம். போன வாரம் எடுத்த சீன். வெயில்ல கசகசன்னு இருந்துச்சு."

"கசகசப்ப விடு. சாவி இருக்கா?"

"இருக்கு. வலப்பக்கம் செருகியிருக்கா. ஹீரோயின் அழறா. இவ கதவுகிட்ட இருந்து ஒரு அடி முன்னால வரா. தலை படிய வாரியிருக்கு. முன்நெத்தியில ரெண்டு முடி மட்டும் பறக்குது, ஃபேன் காத்துல."

அவர் கண்ணை மூடிக்கொண்டார். மூடுவதற்கு ஒன்றுமில்லைதான். ஆனாலும் மூடினார்.

"அப்புறம்?"

"அப்புறம் ஹீரோயின் தோள்ல கை வைக்கப் போறா. வளையல் மேல ஏறியிருக்கு, அதக் கீழ தள்ளி விட்டுக்கறா. மொகத்துல லைட்டு ஒரு பக்கமா..."

அதற்குள் பெட்டிக்குள் இருந்தவள் பேச ஆரம்பித்துவிட்டாள். அதே தகரக் குரல். தரையில் ஒன்று, திரையில் ஒன்று என்று இரண்டு குரலும் மோதிக்கொண்டன.

டிரைவர் கையை உயர்த்தினார்.

"ரெண்டு பேரும் ஒரே நேரத்துல பேசாதீங்க" என்றார். "அவ ஏதோ சொல்றா."

அக்கா வாயை மூடிக்கொண்டாள். அவர் திரைப் பக்கம் முகத்தைச் சாய்த்தார். நான் ரொட்டியைக் கையில் வைத்துக்கொண்டு வாசலிலேயே நின்றேன். அவள் சொல்லி முடிக்கும்வரை மூன்று பேரும் கேட்டுக்கொண்டிருந்தோம்.